இன்னும் கொஞ்சம் பின்னாடி

என் முதல் யூனிட்டில் கிரிக்கெட் அணிக்குக் கேப்டன் ஒரு ஹவில்தார். ஹரியானாக்காரர். என்னைவிடப் பன்னிரண்டு வயது மூத்தவர். பீரங்கியில் 'நம்பர் ஒன்', அதாவது ஒரு பீரங்கிக்கும் அதை இயக்கும் ஆட்களுக்கும் பொறுப்பானவர். நான் 1994-ல் சென்னை பரங்கிமலையில் உள்ள ராணுவ ஆபீசர் பயிற்சி நிலையத்தில் பயிற்சி முடித்து, தோளில் ஒற்றை நட்சத்திரத்தோடு பஞ்சாபில் அந்த ஃபீல்ட் ரெஜிமென்ட்டில் போய்ச் சேர்ந்த செகண்ட் லெப்டினன்ட். சேர்ந்த மூன்றாவது வாரமே பிரிகேட் போட்டி வந்தது. கல்லூரி அணிக்கு மூன்று வருடம் ஆடியவன், அதிலும் ஆபீசர், முதல் நான்கு பேருக்குள் எப்படியும் இறக்கிவிடுவார்கள் என்று நினைத்திருந்தேன். முதல் நாள் மாலை பெயர் வாசித்தார்கள். பதினோரு பெயரில் நான் இல்லை. பன்னிரண்டாவது பெயர் என்னுடையது.

அப்போது எனக்கு இந்தி சரியாக வராது. ஹவில்தார் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, எனக்குப் புரிய வேண்டுமே என்று ஒவ்வொரு சொல்லாகச் சொன்னார். "சாப், உங்க கை நல்லா இருக்கு. கால் நகரல. அடுத்த மேட்ச் பார்ப்போம்."

மறுநாள் நான் வாளியில் எலுமிச்சைத் தண்ணீரும் டம்ளர்களும் தூக்கிக்கொண்டு மைதானத்துக்குள் போனேன். எனக்குத் தினமும் சல்யூட் வைக்கும் ஜவான்களுக்கு நான் தண்ணீர் கொடுத்தேன். பந்தலில் உட்கார்ந்திருந்த சி.ஓ., அதாவது எங்கள் ரெஜிமென்ட்டின் தலைமை அதிகாரி, அதைப் பார்த்தார். திரும்பி வரும்போது கையை நீட்டி அவரும் ஒரு டம்ளர் வாங்கிக் குடித்தார். ஒன்றும் சொல்லவில்லை. அடுத்த மேட்சில் எனக்கு இடம் கிடைத்தது. மட்டை பிடிப்பவருக்குப் பின்னால், ஸ்லிப்பையும் தாண்டி, தேர்ட் மேனில் நிறுத்தினார் ஹவில்தார். நான் போய் நின்ற இடம் அவருக்குப் பிடிக்கவில்லை. "சாப், தோடா பீச்சே" என்று கையைக் காட்டினார். கொஞ்சம் பின்னாடி போங்கள் என்று அர்த்தம். போனேன். இன்னும் போகச் சொன்னார். எல்லைக் கயிற்றை ஒட்டி நிற்கிறேன். அந்த ஓவரிலேயே விளிம்பில் பட்ட பந்து ஒன்று ஸ்லிப்பின் தலைக்கு மேலே பறந்து, எனக்கு முன்னால் ஒரு குத்து குத்திக் கைக்கு வந்தது. முதலில் நின்ற இடத்திலேயே நின்றிருந்தால் அது நாலு ரன்.

எங்கள் பக்கத்துப் பையன்களும் அவர்களுடைய அப்பாக்களும் என்னிடம் கேட்பது ஒரே கேள்விதான்: "பட்டாளமா, கிரிக்கெட்டா, எதை விடணும்?" இருபத்திரண்டு வருடம் இரண்டையும் விடாமல் இருந்தவன் என்ற முறையில் எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன். ஆனால் அதற்கு முன்னால் ஊரைப் பற்றிச் சொல்லியாக வேண்டும்.

எங்கள் ஊர் பாபநாசம் பக்கம், குடமுருட்டிக் கரையில். அப்பாவுக்கு ஒன்றரை வேலி நிலம். நான் பையனாக இருந்த காலத்தில் கிரிக்கெட் சீசன் எது என்பதை வயல்தான் முடிவு செய்யும். தையில் சம்பா அறுப்பு முடிந்தாலும் வயலில் கால் வைக்கக் கூடாது. அறுப்புக்கு ஒரு வாரம் பத்து நாள் முன்பே ஈரத்தில் உளுந்தோ பயறோ தெளித்திருப்பார்கள். அது வரைக்கும் களத்துமேடு, இல்லாவிட்டால் தண்ணீர் வற்றிய ஆற்று மணல். பங்குனியில் உளுந்து பிடுங்கிய பிறகு வயல் எங்களுக்கு. சித்திரை, வைகாசி முழுக்க ஆட்டம்தான். ஜூன் 12-ல் மேட்டூர் திறந்து, கல்லணையைத் தாண்டி வாய்க்காலில் தண்ணீர் ஏறிவிட்டால் எங்கள் பிட்ச் நாற்றங்கால்.

களிமண் தரை வெயிலில் வெடித்துக் கிடக்கும். விரல் நுழையும் அளவுக்கு வெடிப்பு. பந்து அதன் ஓரத்தில் விழுந்தால் எங்கே போகும் என்று போட்டவனுக்கே தெரியாது. அதனால் பந்து விழுந்து திரும்புவதைப் பார்த்த பிறகுதான் மட்டையைக் கொண்டுபோவோம். முன்கூட்டியே காலைப் போட்டவன் அவுட். இந்தத் தாமதம் எனக்குப் பின்னால் மிகவும் உதவியது. கால் நகராததற்கும் இதுதான் காரணம் என்பதை ஹவில்தார்தான் கண்டுபிடித்தார்.

எங்கள் அணிக்குக் கேப்டன் நான். ஏன் என்றால் மட்டை என்னுடையது. பத்தாம் வகுப்பில் நல்ல மார்க் வாங்கியதற்கு அப்பா கும்பகோணத்தில் வாங்கிக் கொடுத்தது. எங்களில் நன்றாகப் பந்து போடக்கூடியவன், எங்கள் வயலில் வேலை பார்த்தவரின் மகன். என் வயதுதான். வெடிப்பு எங்கே இருக்கிறது என்று ஓடி வருவதற்கு முன் ஒரு தடவை பார்ப்பான். அப்புறம் பத்துக்கு ஆறு பந்து அங்கேயே விழும். அவனைக் கடைசியில்தான் பேட்டிங் இறக்குவோம். ஃபீல்டிங்கில் வாய்க்காலுக்கு அந்தப் பக்கம், கருவை முள் இருக்கும் இடத்தில் நிறுத்துவோம். ஒரு நாள் அவன், "லெக் சைடுல ஒரு ஆள் போடலாம்" என்றான். "நீ பந்தைப் போடு, ஆளை நான் பாத்துக்கறேன்" என்றேன். அன்றைக்கு அது எனக்குத் தப்பாகவே தெரியவில்லை.

கும்பகோணம் அரசுக் கல்லூரியில் படிக்கும்போது, ராணுவ ஆபீசர் ஆவதற்கான சி.டி.எஸ். தேர்வு எழுதினேன். பரங்கிமலைப் பயிற்சி நிலையத்துக்கு மட்டும் எழுதுகிறவர்களுக்கு ஆங்கிலமும் பொது அறிவும் போதும், கணக்குத் தாள் கிடையாது. இது இன்றைக்கும் அப்படித்தான். தமிழ் வழியில் படித்த நம் பையன்களுக்கு ஆங்கிலம்தான் மலை. நான் கல்லூரிக்குப் பின்னால் காவிரிப் படித்துறையில் உட்கார்ந்து தினமும் ஒரு மணி நேரம் ஆங்கிலப் பேப்பரை வாய்விட்டுப் படித்தேன். படித்தது பாதி புரியவில்லை. நாக்கு பழகியது. நேர்முகத்தில் அந்தப் பழக்கம்தான் கைகொடுத்தது.

எழுத்துத் தேர்வுக்குப் பிறகு எஸ்.எஸ்.பி., அதாவது ஆளை நேரில் வைத்துச் சோதிக்கும் ஆபீசர் தேர்வு. எனக்குப் பெங்களூரில். ஐந்து நாள். நெஞ்சில் ஒரு நம்பர் கட்டிவிடுவார்கள், அங்கிருந்து கிளம்பும் வரை அதுதான் நம் பெயர். படத்தைப் பார்த்துக் கதை எழுதுவது, பதினைந்து நொடிக்கு ஒரு சொல்லாக அறுபது சொல்லுக்கு வாக்கியம் எழுதுவது, கயிறும் பலகையும் வைத்துக்கொண்டு எட்டுப் பத்துப் பேர் சேர்ந்து தடை தாண்டுவது என்று போகும். இதற்கெல்லாம் இப்போது கோச்சிங் நிறைய இருக்கிறது. கோச்சிங்கால் தயார் செய்ய முடியாத இடம் நேர்முகம். உங்களைப் பற்றி நீங்களே எழுதிக் கொடுக்கும் படிவத்தை வைத்துக்கொண்டுதான் கேட்பார்கள். நான் 'கிரிக்கெட், ஊர் அணிக் கேப்டன்' என்று எழுதியிருந்தேன். பிட்ச் எத்தனை கஜம் என்று கேட்டார் அந்த அதிகாரி. 22 என்றேன். பந்தின் எடை? ஐந்தரை அவுன்ஸுக்கு மேல், ஐந்தே முக்காலுக்குள் என்றேன். தலையாட்டினார். "உங்க டீம்ல நல்லா பந்து போடறது யாரு?" சொன்னேன். "அவர் என்ன பண்றார்? எதுவரைக்கும் படிச்சார்?"

எனக்குத் தெரியவில்லை. எட்டு வருடமாக ஒன்றாக ஆடியவன். அவன் ஒன்பதாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டது எனக்குத் தெரியாது. "அவங்க அப்பா எங்க வயல்ல வேலை பாக்கறார்" என்றேன். அதிகாரி பேனாவை மூடி வைத்தார். அந்தத் தடவை நான் தேர்வாகவில்லை. அந்த ஒரு கேள்வியால்தான் என்று சொல்ல மாட்டேன், அவர்கள் காரணம் சொல்வதில்லை. ஆனால் ரயிலில் திரும்பி வரும்போது என் மனசில் வேறு எதுவும் ஓடவில்லை. ஊர் வந்ததும் முதல் வேலையாக அவன் தெருவுக்குப் போனேன். அந்தத் தெருவுக்குள் நான் நுழைந்தது அதுதான் முதல் தடவை. அவன் அம்மா திண்ணையைத் துடைத்துவிட்டு உட்காரச் சொன்னார்கள். அவன் ஒன்றும் கேட்கவில்லை, நானும் ஒன்றும் விளக்கவில்லை. மறுநாள் ஆட்டத்தில் "ஆளை நீயே நிறுத்திக்க" என்றேன். இரண்டாவது தடவை பெங்களூரில் தேர்வானேன்.

படிவத்தில் விளையாட்டை எழுதும் பையன்களுக்கு இதைத்தான் சொல்கிறேன். ஆபீசர் தேர்வில் கிரிக்கெட்டுக்குத் தனி ஒதுக்கீடு கிடையாது. மாவட்ட அணிக்கு ஆடிய சர்டிஃபிகேட் ஒரு மார்க்கும் தராது. நீங்கள் கூட ஆடியவர்களை எப்படி நடத்தினீர்கள் என்பதை அவர்கள் தோண்டி எடுத்துவிடுவார்கள். பலகை வைத்துத் தடை தாண்டும்போதும் அதுதான். சத்தம் போட்டு யோசனை சொல்கிறவனைவிட, ஓரத்தில் நிற்கும் ஆள் மெதுவாகச் சொன்ன யோசனையை "அவர் சொல்றது சரி, செய்வோம்" என்று எடுத்து வைக்கிறவனைக் கவனிக்கிறார்கள். கல்லூரியில் என்.சி.சி. இருந்தால் சேருங்கள். 'சி' சர்டிஃபிகேட் வாங்கி, டிகிரியில் 50 சதவீதம் இருந்தால், எழுத்துத் தேர்வு இல்லாமலே எஸ்.எஸ்.பி.க்குப் போகும் வழி ஒன்று இருக்கிறது. எங்கள் பக்கம் பல பையன்களுக்கு இது கடைசி வருடம்தான் தெரியவருகிறது.

பரங்கிமலையில் இருந்த மாதங்களைப் பற்றி எல்லோரும் எழுதிவிட்டார்கள். ஓட்டம், தூக்கமின்மை, ஓட்டம். எனக்கு முந்தின வருடம், 1992-ல்தான் பெண்களின் முதல் பேட்ச் அங்கே சேர்ந்திருந்தது. அந்த அணிவகுப்பு மைதானத்துக்கு மேஜர் பரமேஸ்வரனின் பெயர். அதே இடத்தில் பயிற்சி பெற்று 1972-ல் வெளியே வந்தவர். 1987-ல் இலங்கையில் உயிர் கொடுத்து பரம் வீர் சக்ரா பெற்றவர். அந்தப் பெயரின் மேல் நடந்துதான் நாங்கள் வெளியே வந்தோம்.

ராணுவத்தில் சாயங்கால விளையாட்டும் ஒரு பரேடுதான். ரோல் கால் உண்டு. பெரும்பாலும் வாலிபால், பாஸ்கெட்பால், ஹாக்கி, ஃபுட்பால். கிரிக்கெட்டுக்கு ஆளும் நேரமும் நிறைய வேண்டும் என்பதால் போட்டி வரும்போதுதான் அணி கூடும். ஆனால் எந்த விளையாட்டானாலும் ஆபீசரும் ஜவானும் ஒரே அணியில் ஆடியாக வேண்டும். முதல் ஆறு மாதம் என்னிடம் தேவைக்கு மேல் ஒரு வார்த்தை பேசாத ஆட்கள், ஆட்டம் முடிந்து ஷூவைக் கழற்றும்போது, வீட்டில் மனைவிக்கு உடம்பு சரியில்லை என்பதையும், அண்ணன் தம்பிக்குள் நிலத் தகராறு என்பதையும் சொன்னார்கள். என் இந்தியை நான் கற்றுக்கொண்டதும் அங்கேதான். புதிதாக யூனிட்டுக்குப் போகும் ஆபீசர் எதை மறந்தாலும் சாயங்கால விளையாட்டை மட்டும் விடக்கூடாது.

அடுத்த வருடம் ஒரு சிக்கல் வந்தது. பீரங்கிப் படையில் இளம் ஆபீசர்கள் எல்லோரும் நாசிக் பக்கம் தேவ்லாலியில் உள்ள பீரங்கிப் பள்ளிக்குப் போய் ஒரு கோர்ஸ் முடிக்க வேண்டும். எனக்கு அந்த உத்தரவு வந்த அதே சமயம், ராணுவத்தின் பெரும் பிரிவான கமாண்டின் கிரிக்கெட் அணித் தேர்வு முகாமுக்கும் அழைப்பு வந்தது. கோர்ஸைத் தள்ளிப்போட முடியுமா என்று கேட்கலாம் என்று நினைத்தேன். கேட்பதற்கு முன் ஹவில்தாரிடம் பேசினேன். பீரங்கியின் பின்பகுதிக்குக் கிரீஸ் போட்டுக்கொண்டிருந்தார், நிமிரவில்லை.

"சாப், கன் தெரியாத ஆபீசர் பேச்சை கன்ல யாரும் கேக்க மாட்டாங்க. நீங்க செஞ்சுரி அடிச்சிட்டு வந்தாலும்."

தேவ்லாலிக்குப் போனேன். ராணுவத்தில் கிரிக்கெட் ஆட நினைக்கும் எந்த இளைஞனுக்கும் நான் முதலில் சொல்வது இதைத்தான்: கோர்ஸ் முதலில். முகாம் அடுத்த வருடம் மறுபடி வரும். கோர்ஸில் வாங்கும் கிரேடு உங்கள் கூடவே கடைசி வரை வரும். அதைவிட முக்கியம், உங்களுக்குக் கீழே இருப்பவர்கள் உங்கள் வேலையைப் பார்த்துத்தான் உங்களை நம்புவார்கள். என் கணக்கு சரியாக இருந்தால்தான் குண்டு சரியான இடத்தில் விழும். அதில் நம்பிக்கை வந்த பிறகுதான், "இன்னைக்கு சாயங்காலம் நெட்ஸ்" என்று நான் சொன்னபோது அவர்கள் சந்தோஷமாக வந்தார்கள்.

முகாம் மறுபடி வந்தது. கமாண்ட் அணிக்கு ஒரு சீசன் ஆடினேன். 1997 குளிர்காலத்தில், முப்படைகளின் அணியான சர்வீசஸ் ரஞ்சி அணிக்கான தேர்வுக்காக டெல்லி பாலம் மைதானத்துக்குப் போனேன். விமானப்படை வளாகத்துக்குள் இருக்கும் மைதானம். டிசம்பர் காலையில் பனி விலகப் பத்து மணி ஆகும். அதுவரை பந்து கண்ணாமூச்சி காட்டும். சர்வீசஸ் என்றால் எல்லோரிடமும் தோற்கும் அணி என்ற நினைப்புதான் எனக்கு இருந்தது. அங்கே போன பிறகுதான் தெரிந்துகொண்டேன், 1956-57, 1957-58 என்று அடுத்தடுத்து இரண்டு வருடம் ரஞ்சி இறுதியாட்டம் வரை வந்த அணி அது. ராணுவ அதிகாரியான ஹேமு அதிகாரி அந்தக் காலத்து சர்வீசஸ் கேப்டன். 1959 பிப்ரவரியில் டெல்லியில் வெஸ்ட் இண்டீஸுக்கு எதிராக இந்திய அணிக்கே கேப்டனாக நின்று, முதல் இன்னிங்ஸில் 63, இரண்டாவதில் 40 அடித்தார். 1971-ல் இங்கிலாந்தில் இந்தியா முதல் முறையாகத் தொடரை ஜெயித்தபோது அணி மேனேஜரும் அவர்தான். அதே காலத்து சுரேந்திரநாத்தும் ராணுவ அதிகாரி, 11 டெஸ்டுகளில் பந்து போட்டவர். யூனிஃபார்மும் வெள்ளைச் சட்டையும் ஒரே ஆளுக்குப் பொருந்தும் என்பதை அவர்கள் எல்லாம் நமக்கு முன்பே காட்டிவிட்டார்கள்.

நான் ஐந்தாவது நாள் வெளியே. புதுப் பந்தில் என் கால் மறுபடியும் நகரவில்லை. வருத்தம் இருந்தது, இல்லையென்று சொல்ல மாட்டேன். யூனிட்டுக்குத் திரும்பி மறுநாள் காலை ஆறு மணி பி.டி.யில் நின்றபோது பாதி குறைந்தது. விளையாட்டை மட்டும் நம்பியிருந்தவர்களுக்கு அப்படி நிற்க ஒரு மறுநாள் இருக்காதே என்று அன்றைக்குத் தோன்றியது.

கார்கில் போர் சமயம், 1999 ஜூன் 8 இரவு நாங்கள் திராஸ் பக்கம் பீரங்கிகளோடு இருந்தோம். அன்றைக்கு மான்செஸ்டரில் உலகக் கோப்பையில் இந்தியா-பாகிஸ்தான் ஆட்டம். ஹவில்தார் அதற்குள் நாயப் சுபேதார் ஆகியிருந்தார். அவருடைய சின்ன டிரான்சிஸ்டரைச் சாக்கில் சுற்றி, மணல் மூட்டைகளுக்கு நடுவே வைத்திருந்தார். இந்தியா 227 எடுத்திருந்தது. வெங்கடேஷ் பிரசாத் விக்கெட் எடுக்க எடுக்க அவர் விரலை மட்டும் காட்டுவார், யாரும் சத்தம் போட மாட்டோம். மூன்றாவது விரலுக்குப் பிறகு ஃபயர் ஆர்டர் வந்தது. அவர் டிரான்சிஸ்டரை அணைத்து, சாக்கை இன்னொரு சுற்று சுற்றி, தலைமாட்டில் வைத்துவிட்டுப் பீரங்கிக்குப் போனார். 47 ரன்னில் ஜெயித்தோம், பிரசாத் ஐந்து விக்கெட் என்பது மறுநாள் காலை டீ கொண்டுவந்த பையன் சொல்லித்தான் தெரியும். அந்த நாட்களைப் பற்றி இதற்கு மேல் நான் எழுதுவதில்லை.

நான் மிகவும் ஆசையாக நினைத்துப் பார்ப்பது ராஜஸ்தான் பிட்ச்சைத்தான். 2001 டிசம்பரில் நாடாளுமன்றத் தாக்குதலுக்குப் பிறகு படை முழுவதையும் எல்லைக்குக் கொண்டுபோனார்கள். பத்து மாதம். மணலில் கூடாரம். மூன்று மாதத்துக்கு மேல் ஆனதும் ஆட்களின் முகத்தில் ஒரு சலிப்பு படிய ஆரம்பித்தது. கிரிக்கெட் ஆடலாம் என்றால் மணலில் பந்து எழும்பாது. அப்போதுதான் எங்கள் களம் ஞாபகம் வந்தது. அறுப்புக்கு முன் அப்பா களம் போடுவதை வருடா வருடம் பார்த்தவன் நான். மேல் மண்ணைக் கொத்தி, தண்ணீர் விட்டு ஊறவைத்து, வைக்கோல் பரப்பி, மாட்டை விட்டு மிதிக்க வைத்து, காயக் காயத் தட்டி, கடைசியில் சாணி கரைத்து மெழுகுவார்கள். நெல் மணி ஒன்றுகூட மண்ணுக்குள் போகாது. நெல்லுக்குச் சரி என்றால் பந்துக்கும் சரிதானே?

பக்கத்துக் கிராமத்தில் வற்றிய குளம் ஒன்று இருந்தது. ஊர்ப் பெரியவரிடம் கேட்டு அதன் வண்டலை டிரெய்லரில் கொண்டுவந்தோம். 22 கஜ நீளம், பத்தடி அகலம், நாலு விரல் கனம். மாடு இல்லை. முப்பது ஜவான்கள் தோளில் கை போட்டு வரிசையாக நின்று பாட்டுப் பாடிக்கொண்டே மிதித்தார்கள். எண்ணெய் பீப்பாய்க்குள் மணலும் தண்ணீரும் நிரப்பி உருட்டினோம். இரண்டாவது நாளே கை நுழையும் அளவுக்கு வெடித்துவிட்டது. பாலைவன வெயிலில் மேல் பக்கம் சீக்கிரம் காய, அடியில் ஈரம் அப்படியே இருந்திருக்கிறது. அப்பா ஏன் வைக்கோலைப் பரப்பிவிட்டு மிதிக்க விடுகிறார் என்பது அன்றைக்குத்தான் எனக்கு உறைத்தது. முழுவதையும் உடைத்து, வைக்கோல் துணுக்கு கலந்து, மறுபடி மிதித்து, பகலெல்லாம் ஈரச் சாக்கு போட்டு மூடி, ராத்திரி மட்டும் திறந்து வைத்தோம். எட்டாவது நாள் சாணி மெழுகினோம். அதைச் செய்தது உத்தராகண்டத்துக்காரர் ஒருவர். எங்கள் வீட்டிலும் அம்மா இப்படித்தான் மெழுகுவாள் என்றார். பத்தாவது நாள் பந்து தொடை உயரம் எழும்பியது.

இதையும் சொல்லிவிடுகிறேன். 2004-ல் ஒரு ஆட்டத்தில் பந்தைத் தடுக்கச் சறுக்கி விழுந்து முழங்கால் திருகிக்கொண்டது. வெளியே சொன்னால் மருத்துவத் தரத்தைக் குறைத்துவிடுவார்கள், கோர்ஸுக்கும் போஸ்டிங்குக்கும் தடை வரும் என்று பயந்து, கிரேப் பேண்டேஜ் கட்டிக்கொண்டு இரண்டு மாதம் மறைத்தேன். வலி மாத்திரை போட்டுக்கொண்டு ஓடினேன். ஒரு நாள் ஓட்டத்தின் நடுவில் கால் மடங்கிவிட்டது. லிகமென்ட் முழுதாகக் கிழிந்திருந்தது. ஆபரேஷன், அப்புறம் ஒரு வருடத்துக்கு மேல் குறைந்த மருத்துவத் தரம், போகவேண்டிய ஒரு கோர்ஸ் கைவிட்டுப் போயிற்று. முதல் நாளே காட்டியிருந்தால் ஆறு மாதத்தில் சரியாகியிருக்கும் என்றார் டாக்டர். பையன்களே, தயவுசெய்து காயத்தை மறைக்காதீர்கள். எஸ்.எஸ்.பி.க்கு முன்னாலேயே கண், காது, நிறம் பிரித்துப் பார்க்கும் திறன், தட்டைப் பாதம் எல்லாவற்றையும் ஒரு டாக்டரிடம் காட்டிவிடுங்கள். தேர்வாகி மருத்துவப் பரிசோதனையில் திரும்பி வந்த பிள்ளைகளின் முகத்தை என்னால் பார்க்க முடியவில்லை.

2016-ல் லெப்டினன்ட் கர்னலாக ஓய்வு பெற்று ஊருக்கு வந்தேன். அப்பா தளர்ந்திருந்தார். வருடத்துக்கு அறுபது நாள் லீவில் வந்து போனபோது கண்ணில் படாத மாற்றமெல்லாம் தெரிந்தது. அறுப்பு மெஷின் வந்தபின் களம் போடுகிற வேலையே இல்லை. எங்கள் களத்துமேட்டில் கருவை முளைத்திருந்தது. அந்த மெஷினை ஓட்டுகிறவர் வேறு யாருமில்லை, வெடிப்பு பார்த்துப் பந்து போட்ட என் பழைய கூட்டாளிதான். அறுப்புக் காலத்தில் டெல்டா முழுக்க மெஷினோடு போய்விடுவார். மற்ற நாட்களில் ஊர்ப் பையன்களுக்குப் பந்து போடச் சொல்லிக் கொடுத்துக்கொண்டிருந்தார், வாய்க்கால் ஓரத்தில் ரப்பர் பந்தில்.

களத்துமேட்டைச் சுத்தம் செய்து பிட்ச் போட்டோம். ராஜஸ்தானில் செய்த மாதிரியே, இந்த முறை எங்கள் வயல் வண்டலில். மேட்டில் இருப்பதால் ஜூனில் தண்ணீர் வந்தாலும் மூழ்காது. இருபத்து மூன்று பையன்கள் வருகிறார்கள். எல்லாத் தெருவிலிருந்தும். கிரிக்கெட் முழுக்க அவர் பொறுப்பு. யார் ஆடுவது, யார் கேப்டன் என்பதை அவர்தான் முடிவு செய்கிறார். நான் காலையில் கரையோரம் ஓட்டம் விடுவேன், ஆட்டம் முடிந்ததும் ஒவ்வொருவனும் ஆங்கிலப் பேப்பரில் ஒரு பத்தியை வாய்விட்டுப் படிக்க வேண்டும். இதுவரை இரண்டு பேர் எஸ்.எஸ்.பி. வரை போனார்கள். ஒருவன் இப்போது பரங்கிமலையில் இருக்கிறான்.

போன ஞாயிற்றுக்கிழமை பக்கத்து ஊரோடு ஆட்டம். எங்கள் அணியில் ஒரு பையனுக்குக் காய்ச்சல், ஆள் குறைந்தது. என்னை வந்து நிற்கச் சொன்னார் என் கூட்டாளி. முழங்காலுக்கு ஏற்ற மாதிரி தேர்ட் மேன் கொடுத்தார். கருவை வெட்டிய இடத்துக்கு இந்தப் பக்கமாகப் போய் நின்றேன். ஓடி வரத் தயாராக நின்ற பையனைக் கையைக் காட்டி நிறுத்திவிட்டு என் பக்கம் திரும்பினார்.

"இன்னும் கொஞ்சம் பின்னாடி போங்க."

போனேன்.